அருங்காட்சியகத்தில் அம்மையப்பன்

குமாரபாளையத்துத் தறிக்காரர்களுக்குத் திருச்செங்கோட்டு மலை பக்கத்துச் சாமி. பேருந்து ஏறினால் ஒரு மணி நேரத்துக்குள் அடிவாரம். சுமார் 1,200 படிகள் ஏறினால் கருவறையில் அர்த்தநாரீசுவரர் நின்ற கோலத்தில் இருக்கிறார். வலப்பாதி ஆண், இடப்பாதி பெண். பாதிக்கு வேட்டி, பாதிக்குப் புடவை. உளி கொண்டு செதுக்கிய கல் அல்ல, பாஷாணத்தால் ஆன திருமேனி என்பது கோயில் மரபு. கையில் தேங்காய் பழத் தட்டோடு வரிசையில் நிற்பவர்கள் யாரும் அந்தத் திருமேனியின் காலம் என்ன, எந்தக் கலைப்பாணி என்று கேட்பதில்லை. வந்த காரியத்தைச் சொல்லி அழுதுவிட்டோ, கேட்டது கிடைத்ததற்கு நன்றி சொல்லிவிட்டோ இறங்கிப் போகிறார்கள்.

சென்னை எழும்பூரில் இன்னொரு அர்த்தநாரி உண்டு. திருவெண்காட்டிலிருந்து வந்த 11ஆம் நூற்றாண்டுச் சோழர் செப்புத் திருமேனி. வலப்பக்கம் இரண்டு கை, இடப்பக்கம் ஒரே கை. ஆண் தோளின் விறைப்பும் பெண் இடையின் நெளிவும் ஒரே உடலில் முரண்படாமல் கலந்திருக்கும். 1851இல் தொடங்கிய அரசு அருங்காட்சியகத்தின் பெருமைகளில் ஒன்று இது. அங்கே தீபாராதனை கிடையாது, விளக்கொளி உண்டு. புடவை கிடையாது, பெயர்ப்பலகை உண்டு.

மூன்றாவது அர்த்தநாரி விருத்தாசலம் விருத்தகிரீசுவரர் கோயிலின் வெளிச்சுவர் மாடத்தில் நின்ற கற்சிலை. களவுபோன அந்தச் சிலையை 2004இல் சிட்னியிலுள்ள நியூ சவுத் வேல்ஸ் கலைக்கூடம் விலைகொடுத்து வாங்கியது. விற்றவர் நியூயார்க் கலைப்பொருள் வணிகர் சுபாஷ் கபூர். பத்தாண்டு காலம் வெளிநாட்டில் கலைப்பொருளாக நின்ற பிறகு, 2014 செப்டம்பரில் ஆஸ்திரேலியப் பிரதமர் டோனி அபட் டெல்லிக்கு வந்து, ஸ்ரீபுரந்தான் நடராசரோடு சேர்த்து அதை இந்தியாவிடம் ஒப்படைத்தார்.

மலையில் பூசை பெறுபவரும், எழும்பூரில் கண்ணாடிக்குள் நிற்பவரும், சிட்னிக்குப் போய் வந்தவரும் ஒரே அம்மையப்பன்தானா? கோயிலை விட்டு வெளியே வந்த திருமேனியில் சாமி இருக்கிறாரா, போய்விட்டாரா? சமயத்தை மதிப்பவர்களும் கலையை மதிப்பவர்களும் பதில் சொல்லியே ஆக வேண்டிய கேள்வி இது. ஏனென்றால், எந்தச் சிலையை அருங்காட்சியகம் வைத்துக்கொள்ளலாம், எதைத் திருப்பித் தர வேண்டும் என்ற இன்றைய வழக்குகள் எல்லாம் கடைசியில் இந்தக் கேள்வியில்தான் வந்து நிற்கின்றன.

ஆகமம் இதற்குக் கூச்சமில்லாமல் பதில் சொல்கிறது. கல் வேறு, கல்லில் எழுந்தருளும் தெய்வம் வேறு. சிற்பி செதுக்கி முடித்ததும் அது சிலைதான். பிரதிஷ்டை செய்து, கண் திறந்து, குடமுழுக்கு நடந்த பிறகே திருமேனி. திருப்பணி தொடங்கும்போது பாலாலயம் செய்வதைக் கொங்கு நாட்டில் பார்க்காதவர்கள் இருக்க மாட்டார்கள். மூலவரின் சக்தியைக் குடத்து நீரிலோ மரப்பலகைப் படத்திலோ இறக்கிவைத்து அதற்குப் பூசை நடக்கும். அந்த மாதங்களில் கருவறைக்குள் கொத்தனார் சாந்துச் சட்டியோடு நுழைந்து வேலை செய்யலாம்; தோஷம் இல்லை. பின்னமான பழைய சிலையை அகற்ற வேண்டியிருந்தால் முதலில் கலாகர்ஷணம் செய்து அதிலிருக்கும் சக்தியை ஈர்த்து வேறொன்றில் சேர்ப்பார்கள். அதற்குப் பிறகுதான் பழைய கல்லை நீரில் விடுவார்கள்.

தெய்வத்தை அழைக்கத் தெரிந்த மரபு, விடைகொடுத்து அனுப்பவும் முறை வகுத்து வைத்திருக்கிறது என்பது இங்கே முக்கியம். விக்கிரக வழிபாடு என்றாலே கல்லைக் கடவுளாக நினைக்கும் பேதைமை என்று சொன்ன பாதிரியார்கள் பாலாலயத்தைக் கவனித்திருந்தால் அப்படி எழுதியிருக்க மாட்டார்கள்.

ஆகமத்துக்கும் முந்திய வழக்கு நடுகல். போரில், ஆநிரை மீட்பில் மாண்ட வீரனுக்குக் கல் நடும் முறையைத் தொல்காப்பியம் ஆறு கட்டமாகப் பிரிக்கிறது. தகுந்த கல்லைக் கண்டு தேர்வதில் தொடங்கி, நீராட்டி, நட்டு, படையலிட்டு, வாழ்த்துவதில் முடியும். மலையில் கிடந்த கல் படிப்படியாகத்தான் தெய்வமாகிறது. அதைத் தெய்வமாக்குவது ஊர். திருவண்ணாமலைப் பக்கம் எடுத்தனூரில் மகேந்திரவர்மன் காலத்து நடுகல் ஒன்றில் வீரன் கருந்தேவக்கத்தியோடு கோவிவன் என்ற நாயும் இடம்பெற்றிருக்கிறது. எசமானுக்காகக் கள்வரோடு போராடிய நாய். தருமபுரி அகழ்வைப்பகத்தில் இன்று வரிசையாக நிற்கும் நடுகற்களைப் பார்க்கும் பள்ளிப் பிள்ளைகளிடம், ஒரு காலத்தில் இவை ஒவ்வொன்றும் ஓர் ஊரின் குலசாமி என்று யாராவது சொல்ல வேண்டும். வில்லின் வடிவம், எழுத்தின் வயது என்பதோடு விளக்கம் முடிந்துவிடுகிறது.

காவிரிக்கு அக்கரையில், ஈரோட்டில் பிறந்த பெரியார் இந்த விசாரணை முழுவதையும் ஒரே அடியில் முடித்துவைக்கப் பார்த்தார். 1953 மே 27 அன்று திருச்சியில் மண்ணால் செய்த பிள்ளையார் உருவத்தைப் பொதுமக்கள் முன்னிலையில் உடைத்தார். உடைத்தது மண்பொம்மை, கடவுள் இருந்திருந்தால் தடுத்திருக்க வேண்டும் என்பது அந்தச் செயலின் வாதம். அதற்கு எதிராகத் தொடரப்பட்ட வழக்கு உச்சநீதிமன்றம் வரை போனது. கோயிலில் பிரதிஷ்டை ஆகாத மண் உருவம் புனிதப் பொருளாகாது என்று கீழ் நீதிமன்றங்கள் சொல்லியிருந்தன. 1958இல் உச்சநீதிமன்றம் அந்தக் குறுகிய பொருளை ஏற்கவில்லை. தன்னளவில் எந்த மதிப்பும் இல்லாத அற்பப் பொருளாயினும், ஒரு மக்கள் பிரிவினர் அதைப் புனிதமாகக் கருதினால் சட்டத்தின் பாதுகாப்பு அதற்கு உண்டு என்றது. ஆனாலும் பல ஆண்டுகள் கடந்துவிட்டதால் வழக்கை மேலே நடத்தாமல் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது.

ஆக, புனிதம் எங்கே இருக்கிறது என்ற கேள்விக்கு இரண்டு பதில்கள் கையில் இருக்கின்றன. சடங்கில் இருக்கிறது என்கிறது ஆகமம். மக்கள் மனத்தில் இருக்கிறது என்கிறது உச்சநீதிமன்றம். புனிதம் என்பதற்கே ஆதாரம் இல்லை என்கிறார் பெரியார். நட்ட கல்லைச் சுற்றுவது வீண் என்று சித்தர்களும் அவருக்கு முன்பே கேட்டிருக்கிறார்கள். வேடிக்கை என்னவென்றால், கல்லில் கடவுள் இல்லை என்ற சித்தர்களுக்கும் இன்று ஊர்தோறும் சமாதிக் கோயில் உண்டு, கல் திருமேனி உண்டு. மக்கள் மனத்தின் வலிமையை இதைவிடத் தெளிவாக எது காட்டும்?

மூன்றாவது பதில் லண்டனிலிருந்து வந்தது. 1976இல் தஞ்சைப் பக்கம் பத்தூரில், சிதைந்து கிடந்த விசுவநாதர் கோயிலருகே கொட்டகை போடக் குழி தோண்டிய கூலித் தொழிலாளி ஒருவரின் கடப்பாரையில் செப்புத் திருமேனிகள் தட்டுப்பட்டன. அவற்றில் ஒன்று நடராசர். கைமாறிக் கைமாறி அது லண்டன் போய், பம்பர் டெவலப்மெண்ட் என்ற கனடிய நிறுவனத்திடம் சேர்ந்தது. சுத்தம் செய்யப் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் கொடுத்திருந்தபோது, 1982இல், லண்டன் காவல்துறை அதைக் கைப்பற்றியது. வழக்கில் உரிமை கோரியவர்களில் இந்திய அரசும் தமிழக அரசும் மட்டும் இல்லை. பத்தூர்க் கோயிலும், அந்தக் கோயிலின் சிவலிங்கமும்கூட இருந்தன. மண்ணும் கறையான் புற்றின் தடயமும் சாட்சியாக ஆராயப்பட்டன. 1988இல் தீர்ப்பு கோயிலுக்குச் சாதகமாக வந்தது. 1991இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. கிறித்தவ நாட்டின் நீதிமன்றம், பல நூற்றாண்டு பூசை நின்றுபோன இடிந்த கோயிலுக்கும் உரிமை சாகவில்லை என்று ஒப்புக்கொண்டது. இந்தியச் சட்டத்தில் இது புதிதல்ல. தெய்வம் சட்டப்படி ஒரு நபர், தன் விருப்பப்படி குடியிருக்க அதற்கு உரிமை உண்டு என்ற கருத்தை 1925இலேயே லண்டன் பிரிவி கவுன்சில் கல்கத்தா வழக்கொன்றில் ஏற்றுக்கொண்டிருந்தது.

பத்தூர் நடராசர் மண்ணுக்குள் எப்படிப் போனார் என்பதிலும் ஒரு தத்துவம் அடங்கியிருக்கிறது. வைகானச ஆகம நூலான மரீசியின் விமானார்ச்சனா கல்பம், பகைவர் பயம் வந்தால் திருமேனிகளை மறைவிடத்தில் குழி தோண்டிக் கிடத்தி, பூமிதேவியிடம் அடைக்கலமாக ஒப்படைக்கும் முறையைச் சொல்கிறது. ஆபத்து தீர்ந்ததும் எடுத்து மீண்டும் பூசை தொடங்க வேண்டும். அதாவது புதைந்தவை எல்லாம் கைவிடப்பட்டவை அல்ல. திரும்பி வருவோம் என்று நம்பி வைத்துவிட்டுப் போனவர்கள் திரும்ப முடியாமல் போயிற்று. ஆனால் 1878இன் இந்தியப் புதையல் சட்டம் மண்ணிலிருந்து கிடைத்த தெய்வத்தையும் தங்கக் காசையும் ஒரே பெயரில்தான் பதிவு செய்தது. தமிழக அருங்காட்சியகங்களின் செப்புத் திருமேனிகளில் பல அந்தக் கணக்கில் வந்தவை. அடைக்கலம் வைத்ததைப் புதையல் என்று எழுதியது தவறு. வழக்கறிஞர்களுக்கு அது சின்ன வேறுபாடாகத் தோன்றலாம். அதை நம்பி வைத்துவிட்டுப் போன ஊருக்கு அப்படி இல்லை.

இதே தடுமாற்றத்தை மெக்சிகோ நம்மைவிடக் கடுமையாக அனுபவித்திருக்கிறது. 1790 ஆகஸ்ட் 13 அன்று மெக்சிகோ நகரத்தின் பெரிய சதுக்கத்தைச் செப்பனிடத் தோண்டியபோது அஸ்தெக் மக்களின் தாய்த் தெய்வம் கோவாத்லிக்குவே வெளிப்பட்டாள். ஆளை விழுங்கும் உயரம், பாம்புகளால் பின்னிய பாவாடை, கழுத்தில் வெட்டுண்ட கைகளும் இதயங்களும் கோத்த மாலை. நம் காளியைப் பார்த்துப் பழகிய கண்களுக்கு அவள் அந்நியமாகத் தெரிய மாட்டாள். ஸ்பானிய ஆளுநர் அவளை வரலாற்றுச் சின்னமாகக் காக்க நினைத்துப் பல்கலைக்கழகத்துக்கு அனுப்பினார். கொஞ்ச நாளில் பழங்குடி மக்கள் மெழுகுவர்த்தியும் பூவும் கொண்டுவந்து வைக்கத் தொடங்கினார்கள். ஸ்பெயின் அந்த நகரத்தைப் பிடித்து, கோயில்களை இடித்து, ஏறக்குறைய 270 ஆண்டுகள் ஆகியிருந்தன. அத்தனை காலமும் கண்ணில் படாத தாயை அந்த மக்கள் கண்டதும் அடையாளம் கண்டுகொண்டார்கள். மிரண்டுபோன துறவிகள் அவளைத் திரும்பவும் மண்ணில் புதைத்தார்கள். அறிஞர் ஹம்போல்ட் மெக்சிகோவுக்கு வந்தபோது அவருக்குக் காட்டுவதற்காகத் தோண்டி எடுத்து, அவர் பார்த்து முடித்ததும் மறுபடி மூடினார்கள். இன்று அவள் தேசிய மானுடவியல் அருங்காட்சியகத்தின் நடுநாயகம். 1962 முதல் 1968 வரை டெல்லியில் மெக்சிகோவின் தூதராக இருந்த கவிஞர் ஒக்தாவியோ பாஸ், அந்தக் கல் மாறவே இல்லை, தெய்வம், பேய், அரக்கி, கலைப்படைப்பு என்று பார்ப்பவர் கண்ணில்தான் அது மாறிமாறி வந்தது என்ற கருத்தை எழுதியிருக்கிறார். இந்த விஷயத்தில் எழுதப்பட்டவற்றில் மிகச் சரியான அவதானிப்பு அது.

அதே அருங்காட்சியகத்தின் வாசலில் நிற்கும் மழைத் தெய்வம் த்லாலோக்கின் கதை இன்னும் நெருக்கமானது. கோவாத்லின்சான் கிராமத்தின் ஓடையில் கிடந்த சுமார் 168 டன் எடைக் கல் அது. 1964இல் புது அருங்காட்சியகத்துக்காக அதை எடுக்க வந்தபோது ஊர்மக்கள் கம்பிகளை அறுத்தார்கள், வண்டிச் சக்கரங்களின் காற்றைப் பிடுங்கினார்கள். பட்டாளம் வந்தது. கல்லுக்கு ஈடாகப் பள்ளிக்கூடமும் சாலையும் மருத்துவ நிலையமும் தருவதாகப் பேச்சு முடிந்தது. ஏப்ரல் 16 அன்று ராட்சத வண்டியில் நகரத்துக்குள் நுழைந்தபோது, பருவம் இல்லாப் பருவத்தில் மழை கொட்டித் தீர்த்தது. நகரத்து மக்கள் தெருவில் திரண்டு ஆரவாரம் செய்தார்கள். கொங்கு நாட்டில் மழை பொய்த்தால் பெண்கள் வீடுவீடாக மழைச்சோறு எடுப்பார்கள். அந்தப் பெண்களுக்குக் கோவாத்லின்சான்காரர்களின் கோபத்தை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. பிற்காலத்தில் அந்த ஊர்ச் சதுக்கத்தில் பிரதி ஒன்றை நிறுவினார்கள். ஆகமம் தெரிந்தவர் ஒருவர் அங்கே இருந்திருந்தால், கல்லை எடுப்பதற்கு முன் சாமியை இறக்கிவைத்தீர்களா என்று கேட்டிருப்பார்.

நாட்டார் தெய்வங்களின் வழக்கோ இவை எல்லாவற்றுக்கும் வேறானது. சேலம், நாமக்கல் சமவெளியில் வேப்பமரத்தடியில் ஏழு கல் நட்டுக் கன்னிமார் என்று கும்பிடுகிறார்கள். முனியப்பன் வானம் பார்க்க உட்கார்ந்திருக்கிறார். வேண்டுதல் பலித்தவர்கள் குயவரிடம் சொல்லி மண்குதிரையோ, மாடோ, குழந்தையோ செய்து கொண்டுவந்து வைக்கிறார்கள். உருவாரம் என்பது அதற்குக் கொங்கு மக்கள் வழங்கும் பெயர். வைத்ததோடு சரி. யாரும் அதற்குக் கூரை போடுவதில்லை, வண்ணம் பூசுவதில்லை. வெயிலில் வெடித்து, மழையில் கரைந்து, மண்ணோடு மண்ணாகும். அடுத்த வருஷம் புதுசு வரும். அழிவது அந்த வழிபாட்டின் ஒரு பகுதி. அருங்காட்சியகத்தின் அறமோ எதையும் அழியவிடக் கூடாது என்பது. கரைய வேண்டிய குதிரையைக் குளிரூட்டிய அறையில் காப்பாற்றினால் குதிரை மிஞ்சும், வேண்டுதல் மிஞ்சாது.

இந்த முரணைத் தீர்க்க மெக்சிகோவில் ஒரு நல்ல முயற்சி நடந்தது. மானுடவியலாளர் கியேர்மோ பொன்ஃபில் பத்தாயா 1982இல் கொயோவாகானில் மக்கள் பண்பாட்டு அருங்காட்சியகத்தைத் தொடங்கியபோது முதல் கண்காட்சிக்கு அவர் எடுத்துக்கொண்டது தங்கமோ கல்லோ அல்ல, மக்காச்சோளம். பொருளைச் சேர்ப்பதைவிட வாழ்க்கையைக் காட்டுவது நோக்கம். நம் பக்கத்தில் 1996இல் முட்டுக்காட்டில் திறந்த தட்சிணசித்ராவையும் அந்த வரிசையில் சேர்க்கலாம். பழைய வீடுகளைப் பிரித்துக் கொண்டுவந்து கட்டிய அந்த வளாகத்தில் காஞ்சிபுரத்து நெசவாளர் வீடும் உண்டு. தறியை வீட்டோடு சேர்த்துப் பார்க்க முடிகிறது. குமாரபாளையம் லுங்கிக்கும் பவானி ஜமுக்காளத்துக்கும் அப்படி ஓர் இடம் கிடைத்தால் அதில் தறிக்குப் போடும் பூசையும் சேர்ந்து வர வேண்டும். தறியை மட்டும் வைத்தால் பாதி வாழ்க்கைதான் வரும்.

குமாரபாளையத்திலிருந்து பாலத்தைக் கடந்தால் பவானி கூடுதுறை. அங்கே சங்கமேசுவரர் கோயிலில் எல்லாம் தலைகீழாக நடந்திருக்கிறது. கோயம்புத்தூர் கலெக்டராக இருந்த வில்லியம் கேரோ கொடுத்த தந்தக் கட்டில் ஒன்று வேதநாயகி அம்மனிடம் இருக்கிறது. அதில் 11-1-1804 என்ற தேதியும் அவர் கையெழுத்தும் உண்டு. இடிமழை இரவில் சிறுமி வடிவில் வந்து அம்மன் அவரை எழுப்பி வெளியே அழைத்ததாகவும், அடுத்த கணம் மாளிகை இடிந்து விழுந்ததாகவும் தலபுராணம்போல் மக்கள் சொல்கிறார்கள். மாற்று மதத்து அதிகாரியின் வீட்டுப் பொருள் கோயிலுக்குள் போய்த் தெய்வத்தின் உடைமை ஆகிவிட்டது. கோயிலை விட்டுப் போனால் தெய்வத்தன்மை போகும் என்றால், கோயிலுக்குள் வந்தால் அது வரவும் செய்யும். மக்கள் இரண்டு திசையிலும் வழி திறந்துதான் வைத்திருக்கிறார்கள்.

இத்தனையும் பார்த்த பிறகு, எழும்பூர் அர்த்தநாரியில் சாமி இருக்கிறாரா என்ற கேள்விக்குச் சிலையை மட்டும் பார்த்துப் பதில் சொல்ல முடியாது என்று தெரிகிறது. அது எப்படி வெளியே வந்தது என்று கேட்க வேண்டும். முறைப்படி சக்தியை இறக்கி விடைகொடுத்து அனுப்பிய திருமேனி அருங்காட்சியகத்தில் இருப்பதில் எந்தப் பிழையும் இல்லை; மரபே அதற்கு அனுமதி தந்திருக்கிறது. திருடி எடுத்துப் போனதற்கு அந்த விடை கிடைக்கவில்லை. அதிலிருந்து யாரும் எதையும் இறக்கவில்லை. எத்தனை கடல் தாண்டினாலும் அது தன் ஊர்ச் சாமிதான். புதைத்து வைத்தது இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. அதற்கு உரிய ஊரைக் கேட்டுத்தான் முடிவு செய்ய வேண்டும்.

அருங்காட்சியகம் வழிபாட்டுக்குப் பகை என்பதும் உண்மையல்ல. டெல்லி தேசிய அருங்காட்சியகத்தில் பிப்ரவா அகழாய்வில் கிடைத்த புத்தரின் எலும்பு எச்சங்கள், தாய்லாந்து அளித்த மண்டபத்துக்குள் வைக்கப்பட்டிருக்கின்றன. பௌத்தர்கள் வந்து வணங்குகிறார்கள். 2024இல் அவற்றில் சில தாய்லாந்துக்குப் போய், லட்சக்கணக்கானோர் தரிசித்துத் திரும்பின. சோழர் திருமேனிகளுக்கு வருஷத்தில் ஒரு நாளாவது, திருவாதிரையன்றாவது, அந்த மரியாதையைச் செய்ய முடியாதா?

உண்மையான துயரம் வேறிடத்தில் இருக்கிறது. கோயிலில் பாதுகாப்பில்லை என்று ஆயிரக்கணக்கான திருமேனிகளை அறநிலையத்துறையின் பாதுகாப்பு மையங்களில் பூட்டி வைத்திருக்கிறோம். அங்கே அவற்றுக்கு ஊர் மக்களின் திருவிழா இல்லை, கலை ரசிகரின் பார்வையும் இல்லை. ஸ்ரீபுரந்தான் நடராசரை மீட்கப் பெரும்பாடு பட்டோம். கான்பெராவிலுள்ள தேசியக் கலைக்கூடம் 2008இல் 50 லட்சம் அமெரிக்க டாலர் கொடுத்து வாங்கிய சிலை அது. சுபாஷ் கபூருக்கு 2022 நவம்பரில் கும்பகோணம் நீதிமன்றம் 10 ஆண்டு சிறை விதித்தது. ஆனால் மீட்டுவந்த சாமி ஊருக்குப் போய்ச் சேராமல் இரும்புக் கதவுக்குள் இருந்தால், கான்பெராவில் நாலு பேராவது பார்த்தார்களே என்று யாரும் சொல்லிவிட இடம் கொடுத்துவிடுகிறோம்.

அந்த நடராசரும் விருத்தாசலம் அர்த்தநாரியும் திரும்பி வந்ததற்குக் காரணம் புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனம் பல பத்தாண்டுகளுக்கு முன் கோயில் கோயிலாகப் போய் எடுத்துவைத்த கறுப்பு வெள்ளைப் படங்கள். படம் இருந்ததால் ஊர்ச் சாமி என்று நிரூபிக்க முடிந்தது. படமே இல்லாத கிராமத்துக் கோயில்கள் இன்றும் எத்தனையோ. அடுத்த நோம்பிக்கு ஊருக்குப் போகும்போது, பூசாரியையும் பெரியவர்களையும் கேட்டு, அவர்கள் சம்மதத்தோடு உற்சவத் திருமேனிகளை முன்னும் பின்னும் படமெடுங்கள். உயரத்தை அளந்து, பீடத்தில் எழுத்து இருந்தால் அதையும் சேர்த்து எடுத்து, ஒரு பிரதியைக் கோயிலிலும் ஒன்றை அறநிலையத்துறை அலுவலகத்திலும் கொடுத்து வையுங்கள்.